கதாபாத்திரம் வந்து காலிங்பெல் அடித்தால்

ஒரு சர்வர். பெயர் எட்கர். வயது ஐம்பதை ஒட்டி இருக்கும். ஹோட்டலில் சாப்பிட வருகிறவர்கள் அவனை மனுஷனாகவே மதிப்பதில்லை. வீட்டில் படுத்த படுக்கையாக மனைவி. வெளியே ஒரு காதலி, அவளோடும் நிம்மதி இல்லை. பக்கத்து வீட்டில் ரவுடிகள். ஒருநாள் பொறுக்கமாட்டாமல் கிளம்பிப்போய் ஒரு வீட்டின் காலிங்பெல்லை அடிக்கிறான். கதவைத் திறக்கிறவர் பெயர் ஹெர்மன். எட்கரின் கதையை எழுதிக்கொண்டிருக்கும் திரைக்கதையாசிரியர் அவர்தான். என் வாழ்க்கை ஏன் சார் இப்படி இருக்கு, கொஞ்சம் மாத்தி எழுதுங்களேன் என்று கேட்கத்தான் எட்கர் வந்திருக்கிறான்.

2006இல் வந்த ‘ஓபர்’ என்ற டச்சுப் படம் இது. ஓபர் என்றால் சர்வர். எழுதி, இயக்கி, அந்த சர்வராகவும் நடித்தவர் அலெக்ஸ் வான் வார்மர்டாம். கதாபாத்திரம் தன்னைப் படைத்தவனிடம் வந்து நிற்பது புதிய யோசனை ஒன்றும் இல்லை. பிராந்தெல்லோ 1921லேயே ஆறு பாத்திரங்களை மேடையேற்றி அதைச் செய்துவிட்டார். ‘ஓபர்’ வந்த அதே வருடத்தில்தான் ‘ஸ்ட்ரேஞ்சர் தேன் ஃபிக்‌ஷன்’ என்ற ஹாலிவுட் படமும் வந்தது. ஆனால் அவையெல்லாம் ‘நான் யார், என் விதி என்ன’ என்கிற பெரிய கேள்விகளோடு வருபவை. எட்கருக்கு அந்தக் கவலையே கிடையாது. அவன் முதலாளியிடம் குறை சொல்ல வந்த தொழிலாளி மாதிரி வந்து நிற்கிறான். இந்த மனைவி வேண்டாம், அந்தக் காதலி வேண்டாம், வேறு ஒரு பெண்ணைக் கொடுங்கள், அவ்வளவுதான். ஹெர்மனும் கடவுள் மாதிரியெல்லாம் பேசுவதில்லை. வேலை நேரத்தில் வந்து தொந்தரவு பண்றியே என்று எரிச்சல்படுகிற ஒரு ஆள். போதாததற்கு அவருடைய காதலி சூஸி, ‘கதையில் விறுவிறுப்பே இல்லை’ என்று அவர் இல்லாத நேரத்தில் கம்ப்யூட்டரில் உட்கார்ந்து திருத்துகிறாள். அவள் ஒரு வரி தட்டினால் எட்கருக்கு அடி விழுகிறது.

வான் வார்மர்டாமை ‘அபத்தவாதி’, ‘கறுப்பு நகைச்சுவை மன்னன்’ என்று ஒரு வார்த்தையில் முடித்துவிடுவது வழக்கம். எனக்கு அது போதவில்லை. 1986 முதல் 2021 வரையிலான அவருடைய பத்துப் படங்களையும் ஒரு மூச்சாகப் பார்த்து முடித்தபோது, எல்லாவற்றிலும் ஒரே காரியம் நடப்பதாகத் தோன்றியது. யாரோ ஒருவர் ஒரு விதி போடுகிறார். மற்றவர்கள் ஏன் என்று கேட்காமல் அதன்படி நடக்கிறார்கள். சிரிப்பு வருவது அந்தக் கீழ்ப்படிதலிலிருந்து. இந்த ‘ஏன்’ எழுதப்படாமல் இருக்கும்வரை, அதேசமயம் விதி போட்டவரும் அதற்கு ஏதோ ஒரு விலை கொடுக்கிறவரை, அவர் மகத்தான எழுத்தாளர். விலை இல்லாமல் போகும்போது வெறும் தந்திரசாலி ஆகிவிடுகிறார். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்லிப் பார்க்கிறேன்.

1952இல் ஹார்லெமில் பிறந்தவர். வளர்ந்தது ஐமொய்டன் என்கிற துறைமுக ஊரில். அப்பாவுக்கு அங்கிருந்த நாடக அரங்கத்தில் மேடை நிர்வாக வேலை. அதாவது பையன் நாடகத்தைப் பார்வையாளர் நாற்காலியிலிருந்து பார்க்கவில்லை, பக்கத்திரைக்குப் பின்னால் நின்று பார்த்தான். கதவுக்கு அந்தப் பக்கம் ஒன்றுமே இல்லை, வெறும் பலகையும் முட்டுக்கட்டையும்தான் என்று தெரிந்து வளர்ந்தவன். ஆம்ஸ்டர்டாமின் ரீட்வெல்ட் அகாதமியில் ஓவியம் படித்தார். எழுபதுகளில் ஹவுஸர் ஓர்காட்டர் என்ற இசைநாடகக் குழு, பிறகு தம்பி மார்க்கோடு சேர்ந்து ‘மெக்ஸிகன் நாய்’ என்று பெயர் வைத்த இன்னொரு குழு. மார்க்தான் பிறகு படங்களின் தயாரிப்பாளர். இன்னொரு சகோதரர் வின்சென்ட் இசை. மனைவி அனெட் மால்ஹெர்ப பெரும்பாலான படங்களில் நடிகை. கிட்டத்தட்ட குடும்பத் தொழில் மாதிரி நடத்தப்பட்ட சினிமா. ஒரு வீட்டுக்குள் நாலு பேர் ஒருவரையொருவர் எப்படிப் படுத்துவார்கள் என்பதையே திரும்பத் திரும்ப எழுதியவருக்கு அது பொருத்தம்தான்.

முதல் படம் ‘ஆபெல்’, 1986. முப்பத்தொரு வயது ஆபெல் பத்து வருடமாக வீட்டைவிட்டு வெளியே போனதில்லை. ஜன்னலருகே பைனாகுலரோடு நிற்பான். பறக்கும் ஈயைக் கத்தரிக்கோலால் இரண்டாக வெட்ட முயற்சி செய்வான். ஏன் வெளியே போவதில்லை? படம் சொல்லாது. நமக்கும் கொஞ்ச நேரத்தில் அந்தக் கேள்வி மறந்துவிடும், ஏனென்றால் அதைவிடப் பெரிய சிக்கல்கள் சாப்பாட்டு மேஜையில் இருக்கின்றன. அப்பாவுக்கு வீட்டில் டிவி ஆகாது. அம்மா ரகசியமாக ஒன்றை வாங்குகிறாள். பையனைத் திருத்த ஆட்களைக் கூட்டி வருகிறார்கள். ஒரு பெண்ணை விருந்துக்கு அழைத்துப் பார்க்கிறார்கள். எல்லாம் சொதப்பல். கடைசியில் வீட்டைவிட்டு விரட்டப்படும் ஆபெல் போய்ச் சேர்வது அப்பாவின் ரகசியக் காதலியிடமே. ஆபெலாக நடித்தவரும் வான் வார்மர்டாம்தான். ஊர் முழுக்கச் செட். தெரு பொம்மைத் தெரு மாதிரி இருக்கும், இருந்தும் அந்த அப்பாவின் பொறாமை நிஜம். மகன் அசையாமல் உட்கார்ந்தே தன் மனைவியை எடுத்துக்கொண்டுவிட்டான் என்கிற கோபம் அது. விதி போடுகிற அப்பாதான் படத்தில் அதிகம் அவதிப்படுகிறவர். நெதர்லாந்தின் ‘தங்கக் கன்று’ விருதுகளில் அந்த ஆண்டின் சிறந்த படம், சிறந்த இயக்கம் இரண்டும் இதற்கே கிடைத்தன.

அதே 1986இன் கடைசியில் இன்னொரு டச்சு நகைச்சுவைப் படம் வந்து வசூலில் கொடிகட்டிப் பறந்தது. டிக் மாஸ் எழுதி இயக்கிய ‘ஃப்ளொடர்’. ஒரு அடாவடிக் குடும்பம் குடியிருந்த வீட்டுக்கு அடியில் ரசாயனக் கழிவு இருப்பது தெரியவருகிறது. அரசாங்கம் ஒரு பரிசோதனையாக அவர்களைப் பணக்காரர் குடியிருப்பில் கொண்டுபோய் வைக்கிறது. பிறகு நடப்பதையெல்லாம் நீங்களே ஊகிக்கலாம். பீர், பிகினி, கார் சேதம். நான் அந்தப் படத்தைக் குறை சொல்ல மாட்டேன், நன்றாகவே சிரித்தேன். அதன் சிரிப்பு விதியை மீறுகிறவர்களிடமிருந்து வருகிறது, ‘ஆபெல்’ சிரிப்பு விதிக்குள்ளேயே கிடப்பவர்களிடமிருந்து. கடலை அணைகட்டித் தள்ளி, வாய்க்கால் வெட்டி, தரையையே ஸ்கேல் வைத்துக் கோடு போட்டுச் செய்துகொண்ட நாடு அது. அங்கே நகைச்சுவை எழுத உட்காருகிறவனுக்கு இந்த இரண்டு வழிகளும் இயல்பாகவே திறக்கும். முதல் வழியில்தான் கூட்டம். வான் வார்மர்டாம் இரண்டாவதில் நடந்தார்.

அந்த வழியின் உச்சம் 1992இல் வந்த ‘டெ நோர்டர்லிங்கன்’. ‘வடக்கத்திக்காரர்கள்’ என்று தமிழில் சொல்லலாம். என்னைக் கேட்டால் அவருடைய ஆகச்சிறந்த திரைக்கதை இதுதான், இரண்டாவது இடத்துக்கு வேண்டுமானால் சண்டை போடலாம்.

காலம் 1960 கோடைக்காலம். பெரிய புறநகர் ஒன்று வரப்போகிறது என்று விளம்பரப் பலகை வைத்து ஆரம்பித்த திட்டம். கட்டி முடிந்தது ஒரே ஒரு தெரு. அந்தத் தெருவைச் சுற்றிப் பொட்டல் மணல், எட்டத்தில் ஒரு காடு. காடும் வரிசையாக நட்ட காடு மாதிரிதான் இருக்கிறது. வராமல் போன ஊருக்காக வந்துவிட்ட மனிதர்கள். கசாப்புக்கடைக்காரர் ஜேக்கப்புக்கு அடங்காத காமம். அவர் மனைவி மார்த்தாவுக்கு அது ஆகவே ஆகாது. அவள் புனித பிரான்சிஸ் சிலையோடு பேச ஆரம்பித்து, சாப்பாட்டை நிறுத்திவிடுகிறாள். கொஞ்ச நாளில் அவள் படுத்திருக்கும் ஜன்னலுக்கு வெளியே பெண்கள் கூடி நின்று வேண்டிக்கொள்கிறார்கள். காட்டிலாகாக்காரர் அன்டன் வீட்டில் குழந்தை இல்லை. குறை அவரிடம், அதை அவர் ஒப்புக்கொள்ளத் தயாரில்லை. இவர்களுக்கு நடுவே தபால்காரர் பிளாக்க. அவர் காட்டுக்குள் போய், கெட்டிலில் தண்ணீர் கொதிக்கவைத்து, ஆவியில் காட்டி எல்லார் கடிதங்களையும் பிரித்துப் படிக்கிறவர். அவராக நடித்தவர் யார் என்று சொல்லவேண்டியதில்லை.

ஜேக்கப்பின் மகன் தாமஸுக்குப் பன்னிரண்டு வயதுபோல் இருக்கும். காங்கோ விடுதலையான வருடம் அது. செய்தியில் லுமும்பாவின் பெயரைக் கேட்டுக்கேட்டு, முகத்தில் கறுப்பைப் பூசிக்கொண்டு ‘நான்தான் லுமும்பா’ என்று திரிகிறான். கேலியாகச் செய்யவில்லை, உண்மையாகவே நம்பிச் செய்கிறான். அந்தத் தெருவில் நம்புவதற்கு வேறு எதுவும் இல்லை. அப்போது கிறித்தவ மிஷன்காரர்கள் ஊருக்கு வருகிறார்கள், ஒரு ஆப்பிரிக்க மனிதரைக் கூண்டில் வைத்துக் காட்சிப்பொருளாகக் கொண்டுவருகிறார்கள். ஊரே வந்து பார்த்துவிட்டுப் போகிறது. ஒருவரும் இதென்ன அநியாயம் என்று கேட்பதில்லை. பையனுக்கு மட்டும் அது அநியாயமாகத் தெரிகிறது.

இந்தக் காட்சியை இன்று பார்க்கும்போது ஒரு நெருடல் எனக்கு உண்டு. அந்த மனிதரைப்பற்றி நமக்கு அநேகமாக ஒன்றும் தெரியவருவதில்லை. வெள்ளைக்காரர்களின் மடத்தனத்தைக் காட்டுவதற்காகக் கொண்டுவரப்பட்டவராகவே கடைசிவரை இருக்கிறார். கூண்டிலிருந்து வெளியே வந்த பிறகும் திரைக்கதை அவரை முழுதாக வெளியே விடுவதில்லை. இருந்தாலும் எழுத்தின் கட்டுமானத்தைப் பாருங்கள். ஒரு தெரு, பத்துப் பதினைந்து பேர், எல்லா வீட்டுக்கும் பெரிய கண்ணாடி ஜன்னல். டச்சு வீடுகளில் திரைச்சீலையை மூடாமல் விடுகிற பழக்கம் பிரசித்தம், மறைக்க ஒன்றுமில்லை என்று காட்டுவதாம். அந்த ஜன்னலைத்தான் இவர் ஆயுதமாக எடுத்துக்கொள்கிறார். அந்தரங்கம் என்பதே இல்லாத இடத்தில் ரகசியம் மட்டும் பெருகிக்கொண்டே போகிறது. கடிதம் பிரிக்கும் தபால்காரர் இங்கே திரைக்கதையாசிரியரின் வேலையையே பார்க்கிறார் என்று தோன்றும். எல்லாம் தெரியும், யாரிடமும் சொல்ல முடியாது, தெரிந்ததை வைத்துக் கொஞ்சம் சில்லறை விஷமம் பண்ணலாம்.

அடுத்து வந்த ‘டெ யுர்க்’ (‘ஆடை’, 1996) ஒரு உடுப்பு கைமாறிக் கைமாறிப் போகும் கதை. யோசனை அழகானது. ஆனால் ரயிலில் டிக்கெட் பரிசோதிப்பவர் ஒருவர் அந்த ஆடை உடுத்திய பெண்களை விடாமல் துரத்தி அத்துமீறுகிறார். அதைப் படம் எழுதியிருக்கும் தொனியில் என்னால் சிரிக்க முடியவில்லை. அந்தப் பரிசோதகருக்கு எதுவும் நஷ்டமில்லை, இழப்பெல்லாம் பெண்களுக்கு. நகைச்சுவையின் கணக்கு இங்கே தப்பாகிறது. ‘ஆபெல்’ அப்பாவிடம் இருந்த வலி இவனிடம் எழுதப்படவே இல்லை. வான் வார்மர்டாமின் ரசிகர்கள் இதைப்பற்றிப் பேசும்போது ‘அவர் தீர்ப்புச் சொல்லாதவர்’ என்று தப்பித்துக்கொள்வார்கள். தீர்ப்புச் சொல்ல வேண்டாம் சாமி, அந்தப் பெண்கள் பக்கமும் கொஞ்ச நேரம் உட்காரலாம் இல்லையா?

1998இல் ‘க்ளெய்ன டேன்’. தன் நாடகம் ஒன்றிலிருந்து எழுதியது. பிராண்ட் என்ற விவசாயிக்கு எழுதப் படிக்கத் தெரியாது. இதனால் அவனுக்கு நேரும் கஷ்டம் என்ன தெரியுமா? டிவியில் வெளிநாட்டுப் படம் பார்க்க முடியாது. நெதர்லாந்தில் குழந்தைகளுக்கானவை தவிர மற்றதற்கு டப்பிங் அபூர்வம், பெரும்பாலும் சப்டைட்டில்தான். அதனால் மனைவி கேட் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு வரியாக வாசித்துச் சொல்லவேண்டும். ஒருநாள் அவளுக்கு அலுத்துப்போகிறது. புருஷனுக்குப் பாடம் சொல்லித்தர லேனா என்ற இளம்பெண்ணை வரவழைக்கிறாள். பிராண்டுக்கு அவள்மேல் கண் போகிறது. கேட்டுக்குக் குழந்தை பிறக்காது. சரி, நீ அவளோடு இரு, குழந்தை பெற்றுக்கொள், குழந்தை நமக்கு, என்னை உன் அக்கா தங்கை என்று சொல்லிக்கொள்ளலாம் என்று அவளே திட்டம் போடுகிறாள்.

சப்டைட்டில் வாசிக்க அலுப்பு என்பதில் தொடங்கி ஒருத்தியைத் தீர்த்துக்கட்டுவதுவரை போகிற கதை. ஒவ்வொரு அடியும் வெகு நியாயமாக, வீட்டுக் கணக்குப் பேசுகிற மாதிரி எடுத்துவைக்கப்படுகிறது. வீட்டில் மொத்தம் மூன்று பேர். யார் யாருக்கு என்ன உறவு என்பதே ஒரு ஒப்பந்தம்தான். விதி போட்ட கேட்தான் தினமும் அடுத்த அறையில் படுத்துக்கொண்டு அந்த விதியின் சத்தத்தைக் கேட்கவேண்டியவள். அனெட் மால்ஹெர்பவின் முகத்தில் அந்த விலை தெரியும். முடிவைச் சொல்லவில்லை, பாருங்கள். இந்தப் படத்தில் வசனங்கள் எவ்வளவு சின்னவை என்பதையும் கவனியுங்கள். ஒருவரும் தன் மனசை விளக்கிப் பேசுவதில்லை. கேட்கிறார்கள், மறுக்கிறார்கள், சாப்பிடுகிறார்கள்.

‘கிரிம்’ (2003) எனக்கு ஒட்டவில்லை, கடந்து போய்விடலாம். ‘ஓபர்’ பற்றி ஆரம்பத்திலேயே சொன்னேன். எழுத்தாளன் என்கிற விதிபோடுகிறவனையே அங்கே குற்றவாளிக் கூண்டில் நிறுத்தியவர், 2009இல் ‘எம்மா பிளாங்கின் கடைசி நாட்கள்’ படத்தில் இன்னும் ஒருபடி போகிறார். மணல்மேட்டுக் கடற்கரையில் ஒரு பெரிய வீடு. நோயாளியான எம்மா அம்மாள் சாகக் கிடக்கிறாள், வேலைக்காரர்களை வறுத்தெடுக்கிறாள். பட்லர் ஒட்டுமீசை வைத்துக்கொள்ள வேண்டும் என்று உத்தரவு, அவனும் வைத்துக்கொள்கிறான். தியோ என்று ஒரு நாய். நாய் வேடத்தில் இல்லை, நாயாகவே ஒரு மனிதன். ஒருவரும் அதைக் குறிப்பிட்டுப் பேசுவதுகூட இல்லை. பாதிப் படத்தில்தான் தெரிகிறது, இவர்கள் யாரும் வேலைக்காரர்களே இல்லை, கணவன், மகள் என்று எல்லாம் சொந்த ரத்தபந்தம். சொத்துக்காக இந்தப் பணிவிடை. சொத்து என்று ஒன்றும் இல்லை என்று அவள் சொன்ன நிமிஷத்தில் மேஜை தலைகீழாகத் திரும்புகிறது. அந்தக் கடைசி அரைமணி நேரத்தில் எம்மாவைப் பார்த்துச் சிரிக்கவும் முடியவில்லை, பாவப்படவும் முடியவில்லை. எனக்குத் தெரிந்து சொத்துத் தகராறைப்பற்றி இவ்வளவு கறாராக எழுதிய நகைச்சுவைகள் குறைவு.

2013இல் ‘போர்க்மன்’. கான் திரைவிழாவின் பிரதானப் போட்டிக்கு முப்பத்தெட்டு வருடங்களுக்குப் பிறகு போன டச்சுப் படம் என்று உலகமே பேசியது. காட்டுக்கு அடியில் குழி தோண்டி வாழ்கிற போர்க்மனைப் பாதிரியாரும் ஆட்களும் விரட்ட, அவன் ஒரு பணக்கார வீட்டு வாசலில் வந்து நின்று, குளித்துக்கொள்ளலாமா என்று கேட்கிறான். அவ்வளவுதான், அந்தக் குடும்பம் முடிந்தது. வீட்டுக்காரன் அவனை அடித்துப் போடுகிறான். மனைவி மரீனா குற்றவுணர்வில் தோட்டத்து அறையில் ஒளித்துவைக்கிறாள். பிறகு தோட்டக்காரரும் அவர் மனைவியும் சிமெண்ட் வாளியில் தலையோடு ஏரிக்குள் போகிறார்கள். இதை நண்பர் ஒருவரோடு பார்த்தேன். முடிந்ததும் அவர் கேட்டது: ‘எல்லாம் சரி, என்னதான் சொல்ல வர்றாரு?’ பிசாசு, வர்க்கப் பழிவாங்கல், ஐரோப்பாவின் அகதிப் பயம் என்று ஏகப்பட்ட விளக்கங்கள் எழுதப்பட்டுவிட்டன. எதுவும் தப்பில்லை. ஆனால் எதை வைத்துத் திறந்தாலும் அரைக்கதவுதான் திறக்கும்.

எனக்கு இது ‘ஃப்ளொடர்’ படத்தின் இருட்டுப் பக்கம் என்று படுகிறது. அதே பணக்காரக் குடியிருப்பு, அதே வெளியாட்கள். அங்கே அரசாங்கம் கொண்டுவந்து விட்டது, இங்கே வீட்டுக்காரியே இரக்கப்பட்டுக் கதவைத் திறக்கிறாள். இருபத்தேழு வருடத்தில் நல்லெண்ணம் அரசிடமிருந்து தனிமனிதர் கைக்கு வந்துவிட்டது, அது இரண்டு தரப்புக்கும் நல்லதாக முடியவில்லை. போர்க்மனும் விதி போடுகிறவன்தான். ஆனால் அவனுக்கு விலை என்று ஏதாவது உண்டா? கிடையாது. அவன் எதையும் இழப்பதில்லை. படத்தை நிற்கவைப்பது மரீனாதான். வசதியாக வாழ்கிறோமே என்கிற அவள் கூச்சம் முழுக்க எழுதப்பட்டிருக்கிறது. அவள் இல்லாவிட்டால் இது வெறும் கெட்டிக்காரத்தனமாகப் போயிருக்கும்.

அந்த அபாயம் ‘நம்பர் 10’ படத்தில் (2021) பலித்தேவிட்டது. முதல் பாதி அருமை. ஒரு நாடக ஒத்திகை. வசனம் மறந்துபோகும் வயதான நடிகர், தன் மனைவியோடு நாயகன் பழகுவதைக் கண்டுபிடித்து மேடையிலேயே பழிவாங்கும் இயக்குநர். பக்கத்திரைக்குப் பின்னால் வளர்ந்த பையன் தன் சொந்த வீட்டைப்பற்றி எழுதுவது மாதிரி இருக்கிறது. நாயகன் குந்தர் நாலு வயதில் காட்டில் கண்டெடுக்கப்பட்டவன். அந்த மர்மத்துக்குப் பின்பாதி விடை சொல்ல ஆரம்பிக்கிறது. பாதிரிமார் வருகிறார்கள், விண்கலம் வருகிறது. முப்பத்தைந்து வருடம் ‘ஏன்’ என்று எழுதாமலே இருந்தவர் கடைசியில் எழுதுகிறார், அதுவும் விண்வெளியிலிருந்து. எதிர்பாராத திருப்பம் என்று பாராட்டியவர்கள் உண்டு. எனக்கு அந்த ஒத்திகை மேடைக்கே திரும்பிப் போகமாட்டோமா என்றிருந்தது.

இரண்டுக்கும் நடுவே வந்த ‘ஷ்னைடர் எதிர் பாக்ஸ்’ (2015) பற்றிப் பலர் பெரிதாகப் பேசுவதில்லை, எனக்கு அது பிடிக்கும். ஷ்னைடர் ஒரு கூலிக்கொலைகாரன், அன்றைக்கு அவனுக்குப் பிறந்தநாள். வீட்டில் விருந்து. ‘காலையில் ஒரு சின்ன வேலை, முடித்துவிட்டுப் போய்விடலாம்’ என்கிறார் வேலை கொடுப்பவர். நாணல் மண்டிய ஏரிக்கரை வீட்டில் இருக்கும் ராமோன் பாக்ஸ் என்ற எழுத்தாளரைக் கொல்ல வேண்டும். அதே வேலை அந்தப் பக்கமும் கொடுக்கப்பட்டிருப்பது அவனுக்குத் தெரியாது. அன்று முழுக்க பாக்ஸ் வீட்டுக்கு ஆள் மாற்றி ஆள் வந்துகொண்டே இருக்கிறார்கள், சோர்ந்துபோன மகள், வயதான அப்பா என்று. யாரும் யாரையும் நிம்மதியாகக் கொல்லக்கூட முடியவில்லை.

பாக்ஸாக நடித்திருப்பவர் வான் வார்மர்டாம். வீட்டைவிட்டு வெளியே வராத பிள்ளை, கடிதம் பிரிக்கும் தபால்காரர், டிக்கெட் பரிசோதகர், படிக்கத் தெரியாத விவசாயி, சர்வர் என்று தன் கதைகளில் எப்போதும் கடைசி வரிசை ஆட்களையே தனக்கு எழுதிக்கொண்டவர். எம்மா பிளாங்க் வீட்டில் உட்கார் என்றால் உட்கார்ந்து, வா என்றால் ஓடிவந்த நாய் தியோவும் அவர்தான். இருபத்தொன்பது வருடம் கழித்துத் தனக்கென்று ஒரு எழுத்தாளர் வேடம் எழுதினார், அந்த எழுத்தாளருக்கு உபதொழிலாக ஆளைக் கொல்லும் வேலையையும் சேர்த்துக் கொடுத்தார்.